பாம் ஷெல்டரில் பொன்னி அரிசி

சிங்கப்பூரில் பிரளயத்துக்கும் கட்டட விதி உண்டு. 1997இல் இயற்றப்பட்டு 1998இல் நடப்புக்கு வந்த குடிமைத் தற்காப்புப் புகலிடச் சட்டத்தின்படி, அதன் பிறகு கட்டப்படும் குடியிருப்புகளில் குண்டுவீச்சின் அதிர்வையும் சிதறல்களையும் தாங்கும் ஓரிடம் இருந்தாக வேண்டும். வீட்டுக்குள்ளேயே இருக்கலாம், அல்லது மாடிக்குப் பொதுவாக இருக்கலாம். அப்படி வந்ததுதான் சமையலறைப் பக்கத்திலோ நடையிலோ இருக்கும் அந்த இரும்புக் கதவு அறை. ‘பாம் ஷெல்டர்ல வெங்காயம் இருக்கும், ரெண்டு எடுத்துட்டு வா’ என்று பிள்ளையை அனுப்பாத தமிழ் வீடு இங்கே குறைவு.

நமக்கு உலக அழிவு புதிதல்ல. 1962 பிப்ரவரியில் மகர ராசியில் கிரகங்கள் ஒன்றுகூடுகின்றன என்று இந்தியா முழுக்க ஹோமம் வளர்த்தார்கள். 2012 டிசம்பர் 21க்கு மாயன் நாள்காட்டியைக் காட்டிப் பயமுறுத்தினார்கள். அந்த மாதிரி அழிவுகளில் ஒரு சௌகரியம், அவற்றுக்குத் தேதி இருந்தது. தேதி கடந்த மறுநாள் காலை இட்லி அவிக்கப் போய்விடலாம். கான்கிரீட்டில் கட்டி வைத்த அழிவுக்குத் தேதி கிடையாது. முப்பது வருடம் வெங்காயமும் சூட்கேஸும் வைக்கும் அறையை, ஒருநாள் சொன்னவுடன் காலி செய்து குடும்பத்தோடு உள்ளே போகிற நிலையில் எப்படி வைத்திருப்பது? கேள்வி அவ்வளவுதான். பதில் பெரும்பாலும் அலமாரி, ஈரப்பதம், ரப்பர் பட்டை சம்பந்தப்பட்டது.

முதலில் அறையைப் பார்ப்போம். நான்கறை, ஐந்தறை வீடுகளில் சுமார் 3 சதுர மீட்டர் இருக்கும். நாலு பக்கமும், மேலும் கீழும் கம்பி நெருக்கிக் கட்டிய கான்கிரீட். புளோக்கில் எல்லா மாடிகளிலும் இந்த அறை ஒன்றின் மேல் ஒன்றாக ஒரே நேர்கோட்டில் வரும். அதாவது உங்கள் ஷெல்டர் தனி அறை அல்ல, கட்டடத்தின் ஊடாக நிற்கும் ஒரு கான்கிரீட் கோபுரத்தின் ஒரு தட்டு. பத்தாம் மாடிக்காரர் சுவரைக் குடைந்தால் அது அவருடைய சுவர் மட்டுமல்ல. கதவு எஃகு, வெளிப்பக்கமாகத் திறக்கும், அகலம் 70, 80 சென்டிமீட்டர்தான். விளிம்பைச் சுற்றி ரப்பர் பட்டை ஓடும். கைப்பிடியைத் திருப்பி இறுக்கும்போது கதவு சட்டத்தோடு நெருங்கி அந்தப் பட்டையை அமுக்கும், அதில்தான் அடைப்பு உண்டாகிறது. சுவரின் மேல்பகுதியில் காற்றோட்டத் துளைகள் இருக்கும், அவற்றை மூடுவதற்கென்றே எஃகுத் தகடுகளும் இருக்கும். உள்ளே ஒரு விளக்கு, ஒரு பிளக் பாயிண்ட். தொலைத்தொடர்பு, டிவி இணைப்புக்கும் இடம் விட்டிருப்பார்கள். கதவைச் சாத்திய பிறகு வெளியே என்ன நடக்கிறது என்று தெரிய வேண்டுமே.

அணுகுண்டுக்கான பதுங்குகுழி என்று இதை நினைத்துக்கொண்டிருப்பவர்கள் உண்டு. அப்படி இல்லை. அருகில் விழும் குண்டின் அழுத்தமும் துண்டுகளும் வீட்டுக்குள் இருப்பவரை அடையாமல் தடுப்பதுதான் இதன் வேலை. தங்குவதும் மணிக்கணக்கில், மாதக்கணக்கில் அல்ல. இது புரிந்தால் உள்ளே என்ன வைப்பது என்ற கேள்வியில் பாதி தீர்ந்துவிடும்.

அறையின் பரப்பும் கொள்ளளவும் வீட்டின் அளவுக்கு ஏற்ப விதியிலேயே குறிக்கப்பட்டவை. காரணம் காற்று. தகடுகளை மூடிக் கதவையும் இறுக்கிவிட்டால், உள்ளே இருக்கும் காற்றைத்தான் அத்தனை பேரும் பங்கு போட வேண்டும். நாலு பெரிய சூட்கேஸ், பழைய மெத்தை, பிளாஸ்டிக் கிறிஸ்துமஸ் மரம், மாமியார் ஊரிலிருந்து கொண்டுவந்த பித்தளை அண்டா எல்லாம் உள்ளே இருந்தால் அவை இடத்தை மட்டும் அடைக்கவில்லை, மூச்சுக்காற்றையும் அடைக்கின்றன. அதனால்தான் புகலிடத்தைத் தயார் செய்யச் சொல்லி அறிவிப்பு வரும்போது முதல் வேலையே பொருளை வெளியே எடுப்பது.

ரெனோவேஷன்காரர்கள் அதிகம் தப்பு செய்வதும் இந்த அறையில்தான். சுவரை உடைப்பது, கதவைக் கழற்றி வேறு கதவு போடுவது, கதவில் துளையிடுவது அல்லது வெல்டிங் வைப்பது, துளைத் தகடுகளை எடுத்துவிடுவது எல்லாம் தடை. உட்சுவரில் டைல்ஸ் ஒட்டுவதும் சிமெண்ட் பூச்சு போடுவதும்கூடத் தடை என்றால் பலருக்கு ஆச்சரியம். ‘சுத்தம் பண்ண ஈஸியா இருக்குமே’ என்பார்கள். வெளியே வெடிக்கும்போது சுவர் அதிரும், அதிரும்போது ஒட்டியது எல்லாம் பெயர்ந்து உள்ளே இருப்பவர் மேல் தெறிக்கும். சுவர் தாங்கியும் டைல்ஸ் வெட்டும். பெயிண்ட் போதும். அலமாரி மாட்டத்தான் வேண்டும் என்றால் உலோகமல்லாத பிளக் வைத்து, 10 மில்லிமீட்டர் விட்டத்துக்கும் 50 மில்லிமீட்டர் ஆழத்துக்கும் மேல் போகாத துளைகளில், கழற்றக்கூடிய விதத்தில் மாட்டலாம். துளையிடும் முன் குடிமைத் தற்காப்புப் படையின் இணையத்தளத்தில் இருக்கும் நடப்பு விதியை ஒருமுறை பார்த்துவிடுங்கள், காண்டிராக்டர் வாய்மொழியை நம்ப வேண்டாம். எங்களைக் கேட்டால் சுவரைத் தொடாமல் இருப்பதே மேல். சக்கரம் வைத்த ஸ்டாண்டு போதும்.

சக்கரம் சும்மா சொல்லவில்லை. 40, 45 சென்டிமீட்டர் ஆழமுள்ள ஸ்டாண்டை வாங்கும்போது, அது கதவு வழியாகச் சரக்கோடு வெளியே வருமா என்று அளந்து வாங்க வேண்டும். உள்ளே வைத்துப் பூட்டித் திருகி, வெளியே எடுக்க ஸ்பானர் தேட வேண்டிய அலமாரி அந்த அறைக்கு ஆகாது. அவசரத்தில் ஒவ்வொரு டப்பாவாகத் தூக்க நேரம் ஆகும், ஸ்டாண்டோடு உருட்டினால் இரண்டே நடையில் முடியும். சுவருக்கும் ஸ்டாண்டுக்கும் நடுவே நாலு விரல் இடம் விடுங்கள். காற்றோட்டத் துளைக்கு முன்னால் எதுவும் வேண்டாம்.

அந்த நாலு விரல் இடம் பூஞ்சைக்காக. இங்கே காற்றில் ஈரம் ஆண்டு முழுக்க 80 விழுக்காட்டை ஒட்டியே இருக்கிறது. ஜன்னல் இல்லாத கான்கிரீட் பெட்டியில் அந்த ஈரம் தங்கிவிடும். முதலில் கெடுவது தோல் செருப்பு, துணிச் சூட்கேஸ், அட்டைப்பெட்டி. அட்டைப்பெட்டி ஈரத்தை உறிஞ்சி வைத்துக்கொண்டு பக்கத்தில் இருப்பதற்கெல்லாம் கொடுக்கும், கரப்பானுக்கும் அதுதான் பிடித்த வீடு. மூடி போட்ட பிளாஸ்டிக் பெட்டிக்கு மாறிவிட்டால் பாதித் தொல்லை குறையும். நனைந்த குடை, துடைப்பக்கட்டை, மாப், பக்கெட் எதையும் ஈரத்தோடு உள்ளே வைக்கக் கூடாது. கடையில் கிடைக்கும் ஈரம் உறிஞ்சும் டப்பாக்கள் வேலை செய்யும், ஆனால் சில வாரங்களில் தண்ணீர் நிரம்பிவிடும். மறந்துபோய் யாராவது தட்டிவிட்டால் அந்த உப்புநீர் தரையையும் இரும்பையும் கெடுக்கும். மேல்தட்டில் வைக்காதீர்கள். எல்லாவற்றையும்விட மலிவான மருந்து, கதவை ஒரு சாண் திறந்தே வைப்பது. சிறு பிள்ளைகள் இருந்தால் கதவு தானாகச் சாத்திக்கொள்ளாதபடி கீழே ஒரு கட்டை கொடுங்கள். அந்தக் கதவின் கனத்துக்கு விரல் தாங்காது.

கதவைத் திறந்து வைப்பதில் இன்னொரு லாபமும் உண்டு. கைப்பிடியை இறுக்கியே வருடக்கணக்கில் விட்டால் ரப்பர் பட்டை அமுங்கியபடியே செத்துப்போகும். பிறகு இறுக்கினாலும் இடைவெளி விழும். சரிபார்க்க ஒரு வழி இருக்கிறது. ஒரு தாளைப் பட்டையின் மேல் வைத்துக் கதவை இறுக்கி, தாளை இழுத்துப் பாருங்கள். லேசாக வந்தால் அந்த இடத்தில் பட்டை பலவீனம். நாலு பக்கமும் இப்படிப் பார்க்கலாம். பட்டையின் மேல் பெயிண்ட் படவே கூடாது, காய்ந்ததும் அது வெடித்துப் பட்டையையும் கிழித்துவிடும். கீலில் மட்டும் எப்போதாவது ஒரு சொட்டு எண்ணெய். துளைத் தகடுகளையும் அதே நாளில் ஒருமுறை மூடித் திறந்துவிடுங்கள். பெயிண்டர் தகட்டையும் சுவரையும் சேர்த்தே அடித்து ஒட்டவைத்த வீடுகள் ஏராளம், திருகுமரை காணாமல் போன வீடுகள் அதைவிட அதிகம்.

இந்த அறையில் எது வேண்டாம்? வைஃபை ரவுட்டர் வேண்டாம். பிளக் பாயிண்ட் இருக்கிறதே என்று உள்ளே வைத்துவிட்டு, படுக்கையறையில் சிக்னல் இல்லை என்று தொலைத்தொடர்பு நிறுவனத்தைத் திட்டுபவர்கள் பலர். கம்பி நெருக்கிய கான்கிரீட்டும் எஃகுக் கதவும் சேர்ந்தால் அலை எப்படி வெளியே வரும்? பெயிண்ட், தின்னர், கேஸ் சிலிண்டர் வேண்டாம். மின்ஸ்கூட்டர் பேட்டரியை உள்ளே வைத்துச் சார்ஜ் போடுவது கூடவே கூடாது.

சாமி அறையாக மாற்றுவதைப் பற்றி நிறையப் பேர் யோசிக்கிறார்கள். இடப் பஞ்சத்தில் அது இயல்புதான். கிரானைட் மேடை கட்டாமல், தனியாக நிற்கும் மர மண்டபம் வைத்துக்கொள்ளலாம். ஆனால் கற்பூரமும் சாம்பிராணியும் அந்த 3 சதுர மீட்டரில் சுற்றிச் சுற்றி நிற்கும், கூரை ஆறு மாதத்தில் கறுக்கும். விளக்கு எரியும்போது கதவு முழுக்கத் திறந்திருக்க வேண்டும், விளக்கை விட்டுவிட்டு வேலைக்குப் போகவே கூடாது. கண்ணாடி போட்ட படங்களுக்குள் ஈரம் இறங்கி முருகனின் வேல் வரை பூஞ்சை ஏறும், பின்பக்கம் சுவரில் படாமல் சாய்த்து வையுங்கள். இன்னொன்றையும் முன்பே பேசி வைத்துக்கொள்வது நல்லது: அபாயக் காலத்தில் கழிவறையும் இதே அறைதான். மூடி போட்ட பக்கெட், உள்ளே பிளாஸ்டிக் பை. ‘சாமி இருக்கிற இடத்துல பக்கெட்டா’ என்று பாட்டி கேட்பார். படங்களை எந்த அறைக்கு மாற்றுவது என்று இப்போதே முடிவு செய்துவிட்டால் அன்றைக்குத் தகராறு இல்லை.

இல்லப் பணிப்பெண்ணை இந்த அறையில் படுக்க வைக்கும் வழக்கத்தை நாங்கள் ஏற்கவில்லை. பணிப்பெண்ணின் தங்குமிடத்தில் போதிய காற்றோட்டமும் தனிமையும் இருக்க வேண்டும் என்கிறது மனிதவள அமைச்சு. ஜன்னலே இல்லாத அறையில், கதவைத் திறந்தால் தனிமை போகும், சாத்தினால் காற்று போகும். வெங்காயமே அழுகும் இடத்தில் மனிதர் எப்படித் தூங்குவது?

இனி உணவு. 2020 பிப்ரவரி 7, வெள்ளிக்கிழமை, கொவிட் கிருமித்தொற்று எச்சரிக்கை நிலை ஆரஞ்சுக்கு உயர்ந்த அன்று மாலையே பேரங்காடிகளில் அரிசியும் மீ எனப்படும் நூடுல்ஸும் கழிவறைத் தாளும் தீர்ந்துபோயின. 2023 ஜூலையில் பாஸ்மதி அல்லாத வெள்ளை அரிசி ஏற்றுமதியை இந்தியா தடை செய்தபோது பொன்னிக்காரர்கள் வயிற்றில் புளி கரைந்தது. பிறகு சிங்கப்பூருக்கென்று 50,000 டன் அனுப்ப இந்தியா ஒப்புக்கொண்டது. உணவில் 90 விழுக்காட்டுக்கும் மேல் இறக்குமதி செய்யும் ஊர் இது. அதனால் அரிசி இறக்குமதியாளர்கள் தங்கள் மாத இறக்குமதியைப் போல் இரண்டு மடங்கை எப்போதும் கிடங்கில் வைத்திருக்க வேண்டும் என்று அரசாங்கத் திட்டமே உண்டு. பொன்னியும் புழுங்கலும் அந்தத் திட்டத்துக்குள் வருபவைதான்.

வீட்டுக் கணக்கு இன்னும் எளிது. நாலு பேர், இரு வேளை சோறு, ஆளுக்கு வேளைக்கு 80 கிராம் அரிசி என்றால் நாளைக்கு 640 கிராம். 5 கிலோ பை ஒரு வாரத்துக்குச் சற்று மேல் வரும். திறந்த பை ஒன்று, திறக்காத பை ஒன்று. திறந்தது தீர்ந்த அன்று அடுத்ததைத் திறந்து, புதுப் பை வாங்கிப் பின்னால் வையுங்கள். எந்த நாளில் எது நடந்தாலும் ஒரு வாரச் சோறு வீட்டில் இருக்கும், பழைய அரிசியும் தங்காது. மலிவு என்று 25 கிலோ மூட்டை வாங்கி ஷெல்டர் மூலையில் வைத்தால் நாற்பது நாள் ஓடும், இந்த ஈரத்தில் இருபதாவது நாளே வண்டு வந்துவிடும். காய்ந்த மிளகாயும் வேப்பிலையும் போடுவார்கள். அவற்றைவிட, வாங்கியதும் ரவையையும் பருப்பையும் உறைபெட்டியில் நாலு நாள் வைத்தெடுத்து, வெளியே ஈரம் காய்ந்ததும் இறுக்கமான டப்பாவில் போடுவதுதான் பலன் தருகிறது. குளிர் முட்டையையும் கொல்லும்.

ஆனால் இந்த அரிசி தட்டுப்பாட்டுக்கான அரிசி, ஷெல்டருக்கானது அல்ல. இரண்டையும் ஒன்றாகக் குழப்பிக்கொள்வதுதான் பொதுவாக நடக்கும் தவறு. உள்ளே அடுப்பு மூட்டக் கூடாது, காற்றைத் தின்றுவிடும். மீ பாக்கெட்டுக்குச் சுடுநீர் வேண்டும், உப்பும் அதிகம், தாகம் எடுக்கும். நம் சமையலறையிலேயே அடுப்பு வேண்டாத சாப்பாடு எவ்வளவு இருக்கிறது: அவல், பொரிகடலை, பேரீச்சம்பழம், கடலை மிட்டாய், சத்துமாவு. அவலில் தண்ணீர் தெளித்துச் சர்க்கரை போட்டால் குழந்தையும் சாப்பிடும். டின்னில் அடைத்தது என்றால் வளையம் இழுத்துத் திறப்பதாக வாங்குங்கள், டின் வெட்டும் கத்தி எப்போதும் வேறு அறையில்தான் இருக்கும். தண்ணீர் ஆளுக்கு நாளைக்கு 3 லிட்டர் என்று வைத்தால், நாலு பேருக்கு மூன்று நாளைக்கு 36 லிட்டர், அதாவது 36 கிலோ. ஒரே பெரிய கேனில் வேண்டாம், தூக்க முடியாது. ஒன்றரை லிட்டர் புட்டிகளாக அடித்தட்டில் வைத்து, குடிக்கக் குடிக்க மாற்றுங்கள்.

அவசரப் பை ஒன்றும் வேண்டும். டார்ச், பேட்டரி ரேடியோ, முதலுதவிப் பொருள், முகக்கவசம், விசில், கொஞ்சம் ரொக்கம், அடையாள ஆவணங்களின் நகல். நகலை நீர் புகாத உறையில் போடுங்கள். மருந்துதான் சிக்கல். சர்க்கரை மாத்திரையும் ரத்த அழுத்த மாத்திரையும் பையில் போட்டு மறந்தால் தேதி தாண்டும், பையில் போடாவிட்டால் அன்று கைக்கு வராது. பலதுறை மருந்தகத்தில் புது மாத்திரை வாங்கிய அன்று, ஒரு வாரத்துக்கானதைப் பைக்கு மாற்றி, பையில் இருந்ததை முதலில் சாப்பிட்டுவிடுங்கள். இன்சுலின் குளிர்பெட்டியிலேயே இருக்கட்டும். பையின் மேல் ‘இன்சுலின்’ என்று பெரிதாக எழுதி ஒட்டிவிட்டால் போதும். பேட்டரியை டார்ச்சுக்குள் போட்டு வைக்காதீர்கள். கசிந்து முனை துருப்பிடித்தால் டார்ச்சே போகும்.

ஆண்டுக்கு ஒருமுறை இதையெல்லாம் பார்க்க ஒரு நாள் வேண்டுமென்றால் பிப்ரவரி 15 பொருத்தம். 1942இல் பிரிட்டிஷார் ஜப்பானியரிடம் சரணடைந்த நாள். முழுமைத் தற்காப்பு தினமான அன்று மாலை 6.20க்குத் தீவு முழுக்க அபாயச் சங்கு ஒலிக்கும். லிட்டில் இந்தியாவின் தேக்காவில் யாரும் தேத்தண்ணீரைக் கீழே வைப்பதில்லை. வைக்கவும் வேண்டாம், ஆனால் ஓசையைக் காதில் வாங்கிக்கொள்ளுங்கள். விட்டுவிட்டுத் துடிப்பது முக்கிய அறிவிப்பு: ரேடியோவையோ டிவியையோ போடச் சொல்கிறது, தமிழ் வானொலியான ‘ஒலி 96.8’ வைத்தால் போதும். ஏறி இறங்கி ஓலமிடுவது அபாயம்: கேஸையும் அடுப்பையும் அணைத்து, ஜன்னல்களைச் சாத்தி, உள்ளே போக வேண்டும். ஒரே சீராக நீள்வது அபாயம் நீங்கியது. பாட்டி தாத்தாவுக்குக் காது மந்தமென்றால் யார் போய்க் கையைப் பிடிப்பது என்பதையும் பேசி வையுங்கள்.

தொண்ணூறுகளின் நடுவுக்கு முன் கட்டிய புளோக்குகளில் ஷெல்டர் இல்லை. அங்கே ஜன்னலுக்கு எட்டத்தில் இருக்கும் உள்ளறைதான் கதி, இல்லையென்றால் பொதுப் புகலிடம். வடகிழக்கு எம்ஆர்டி ரயில் பாதையின் நிலையங்கள் புகலிடமாகவும் கட்டப்பட்டவை. லிட்டில் இந்தியாவில் இறங்கி வாழையிலை வாங்கப் போகிறவர்கள், ஃபேரர் பார்க்கில் ஏறுகிறவர்கள், எல்லோரும் கனத்த எஃகுக் கதவுகளைத் தாண்டித்தான் நடக்கிறார்கள். உங்கள் வட்டாரத்தில் எது என்று குடிமைத் தற்காப்புப் படையின் தளத்தில் தேடிப் பாருங்கள்.

மறுவிற்பனை வீடு வாங்குகிறவர்களுக்கு ஒரு வார்த்தை. சமையலறைக் கேபினெட்டைத் திறந்து பார்ப்பவர்கள் ஷெல்டரை எட்டிப் பார்த்துவிட்டு ‘நல்ல பெரிய ஸ்டோர்’ என்று போய்விடுகிறார்கள். உள்ளே போய் விளக்கைப் போட்டு நாலு சுவரையும் பாருங்கள். டைல்ஸ் இருக்கிறதா, துளைகள் எத்தனை, கதவுக்கு முன்னால் தச்சர் போட்ட பலகை எஃகுக் கதவை முழுக்கத் திறக்க விடுகிறதா, தகடுகளும் திருகுமரைகளும் இருக்கின்றனவா. கதவை உள்ளிருந்து ஒருமுறை இறுக்கி, தாளை இழுத்துப் பாருங்கள். முந்தைய உரிமையாளர் செய்த விதிமீறலைச் சரிசெய்யும் செலவு சாவி கைமாறிய பிறகு உங்கள் தலையில் விழலாம். குறையைப் படம் எடுத்து, விலை பேசும்போதே முகவரிடம் காட்டிவிடுங்கள்.